ஜம்பலாயா ஏன் குழைந்து போகிறது? ஒரே பானையில் செய்து பழகியவர்கள் சொல்லுங்கள்

நெல்மணி · ஹூஸ்டன்

எல்லோருக்கும் வணக்கம். கறியும் சாசேஜும் அரிசியும் ஒரே பானையில் வேகும் லூசியானாச் சோறான ஜம்பலாயாவை இரண்டு மாதத்தில் மூன்று முறை செய்துவிட்டேன். மூன்று முறையும் கடைசியில் கிடைத்தது கறி போட்ட கஞ்சிதான்.

எங்கள் எதிர்வீட்டு அம்மாள் லூசியானா மாநிலத்தின் கோன்சாலஸ் ஊர்க்காரர். தீபாவளிக்கு அவருக்கு முறுக்கும் அதிரசமும் கொடுத்தேன். அடுத்த வாரமே ஒரு டப்பா நிறைய ஜம்பலாயா கொண்டுவந்து கொடுத்தார். நல்ல பழுப்பு நிறம். சோறு ஒன்றோடு ஒன்று ஒட்டவில்லை. மசாலா என்று தனியாக எதுவும் தெரியவில்லை, ஆனாலும் ருசி தொண்டை வரைக்கும் நின்றது. அன்றிலிருந்து அதே ருசியைப் பிடிக்கப் பார்க்கிறேன்.

நான் செய்வது இப்படி: நான்ஸ்டிக் பாத்திரத்தில் எண்ணெய் விட்டு வெங்காயம் கண்ணாடி மாதிரி ஆகும் வரை வதக்குவேன். சாசேஜ், சிக்கன், பூண்டு, ஒரு டின் தக்காளி. அப்புறம் 2 கப் பாசுமதிக்கு 5 கப் தண்ணீர். அடிப்பிடித்துவிடுமோ என்ற பயத்தில் ஐந்து நிமிடத்துக்கு ஒரு முறை கிளறிவிடுவேன்.

வரும் சனிக்கிழமைக்கு அடுத்த சனிக்கிழமை வீட்டுக்குப் 12 பேர் வருகிறார்கள். எதிர்வீட்டு அம்மாளும் வருவார். அதற்குள் கற்றுக்கொள்ள வேண்டும். எங்கே தவறுகிறேன்?


பேயூ_ஓரம் · பேட்டன் ரூஜ்

அந்த அம்மாள் கோன்சாலஸ்காரர் என்று சொன்னீர்களே, பாதிப் பதில் அதிலேயே இருக்கிறது. நான் பதினான்கு வருடமாக இருக்கும் பேட்டன் ரூஜிலிருந்து அந்த ஊர் நாற்பது கிலோமீட்டர்தான். தன்னை 'உலகின் ஜம்பலாயாத் தலைநகர்' என்று சொல்லிக்கொள்ளும் ஊர் அது. 1968இல் தொடங்கிய ஜம்பலாயா விழா அங்கே இன்றும் நடக்கிறது. விறகடுப்பில் பெரிய பெரிய வார்ப்பிரும்புப் பானைகளை ஏற்றிப் போட்டி போட்டுச் சமைப்பார்கள். அந்தப் பக்கத்து ஜம்பலாயாவில் தக்காளி கிடையாது. நிறம் பழுப்பு. கேஜன் வழி என்பார்கள். உங்களுக்கு டப்பாவில் வந்தது அதுதான்.

நீங்கள் செய்வது தக்காளி போட்ட சிவப்பு ஜம்பலாயா. நியூ ஆர்லியன்ஸ் பக்கத்தில் கிரியோல் வழி என்று சொல்வது. இரண்டும் ஜம்பலாயாதான், குறையே இல்லை. ஆனால் பழுப்பின் ருசியை நாக்கில் வைத்துக்கொண்டு சிவப்பின் செய்முறையைப் பிடித்திருக்கிறீர்கள். நூறு முறை செய்தாலும் அந்த ருசி வராது.

இரண்டாவது விஷயம், நீங்கள் பயப்படுகிறீர்களே அடிப்பிடித்துவிடும் என்று, அதுதான் இந்தச் சமையலின் உயிர். நம் வீடுகளில் அடிப்பிடித்தால் குற்றம் என்று வளர்ந்துவிட்டோம். இங்கே கறி பானையின் அடியில் ஒட்டவேண்டும், பழுப்பாகவேண்டும், அதை வெங்காயத்தின் ஈரத்தால் கரைத்துச் சுரண்டி எடுக்கவேண்டும். அந்தக் காந்தல்தான் நிறம், அதுதான் மசாலா. நான்ஸ்டிக்கில் எதுவும் ஒட்டாது, ஆகவே எதுவும் சேராது.

உங்களிடம் கனமான இரும்புப் பானை இருக்கிறதா? அளவு என்ன? அதைச் சொல்லுங்கள், மிச்சத்தை விவரமாக எழுதுகிறேன்.


மணக்கும்_அடுப்பு · நியூ ஆர்லியன்ஸ்

தம்பி சொன்னதில் ஒரு வார்த்தையும் தப்பில்லை. ஆனால் சிவப்பு ஜம்பலாயா குழைவது தக்காளியின் குற்றம் என்று யாரும் எடுத்துக்கொள்ள வேண்டாம். இந்த ஊருக்கு வந்து இருபத்திரண்டு வருடம் ஆகிறது. என் வீட்டில் மாதம் இரண்டு முறையாவது சிவப்புதான். உதிரியாகத்தான் வருகிறது.

நெல்மணி, ஒரு டின் தக்காளியில் பெரும்பகுதி தண்ணீர்தானே. அதை நீ கணக்கில் சேர்த்தாயா? 2 கப் அரிசிக்கு 5 கப் தண்ணீர், அதற்கு மேல் தக்காளியின் நீர், சிக்கன் விடும் நீர். பாசுமதி பாவம், எவ்வளவுதான் தாங்கும்? அதோடு கிளறலும். மெல்லிய நீள அரிசி பாதி வெந்திருக்கும்போது கரண்டி போட்டால் நுனி உடையும், உடைந்த இடத்திலிருந்து மாவு கரையும். அது கஞ்சியாகாமல் வேறு என்னவாகும்?


நெல்மணி · ஹூஸ்டன்

அக்கா, தக்காளி நீரைக் கணக்கில் சேர்க்கவே இல்லை.

அண்ணா, நேற்று போய் எனாமல் பூசிய வார்ப்பிரும்புப் பானை ஒன்று வாங்கிவிட்டேன். 7 லிட்டர். தூக்கவே இரண்டு கை வேண்டியிருக்கிறது. சனிக்கிழமைக்குப் பழுப்புதான் செய்யப்போகிறேன், முடிவு செய்துவிட்டேன். 12 பேர் அளவுக்கு எழுதுங்கள். எதையும் விட்டுவிடாதீர்கள்.


பேயூ_ஓரம் · பேட்டன் ரூஜ்

7 லிட்டர் போதும். இதைவிடச் சின்னதில் 12 பேருக்குச் செய்தால் அரிசி புரள இடம் இருக்காது.

சாமான்: எலும்பில்லாத சிக்கன் தொடைக்கறி ஒன்றேகால் கிலோ. நெஞ்சுக்கறி வேண்டாம், இவ்வளவு நேரம் வெந்தால் நாராகிவிடும். புகையூட்டிய ஆன்டூயி சாசேஜ் 600 கிராம். பெரிய வெங்காயம் ஒரு கிலோ. செலரி நான்கைந்து தண்டு, பச்சைக் குடைமிளகாய் இரண்டு. இந்த மூன்றையும் சேர்த்து இங்கே 'புனித மும்மை' என்பார்கள், லூசியானாச் சமையலில் பாதி இதில்தான் தொடங்கும். பூண்டு ஒரு முழு. நீள அரிசி 4 கப், கோழி எலும்புச் சாறு ஆறரை கப். உலர்ந்த தைம் ஒரு டீஸ்பூன், லாரல் இலை மூன்று, மிளகுத்தூள் இரண்டு டீஸ்பூன், கயென் மிளகாய்த்தூள் ஒரு டீஸ்பூன், கடைசியில் தூவ ஒரு கட்டு வெங்காயத்தாள். ஒரு எச்சரிக்கை: இந்த லாரல் இலையும் நம் பிரியாணியில் போடும் பிரிஞ்சி இலையும் ஒன்றல்ல. பிரிஞ்சி இலையில் பட்டை வாசம் வரும், இங்கே ஒட்டாது.

முதலில் சாசேஜ். விரல் தடிமனுக்கு வெட்டி, ஒரு கரண்டி எண்ணெயில் போட்டு, அதன் கொழுப்பு இறங்கும் வரை விடுங்கள். இரு பக்கமும் சிவந்ததும் எடுத்து வையுங்கள். அடுத்தது சிக்கன். துணியிலோ காகிதத்திலோ ஒற்றி ஈரத்தை எடுத்துவிட்டு, உப்பும் மிளகும் தடவி, மூன்று தவணையாகப் போடுங்கள். ஒரே தடவையில் கொட்டினால் நீர் விட்டு அவியத் தொடங்கும், பழுப்பே வராது. போட்டதும் தொடாதீர்கள். ஒட்டிக்கொள்ளும். ஒட்டட்டும். நன்றாகச் சிவந்ததும் தானே விட்டுக்கொடுக்கும்.

இப்போது பானையின் அடியைப் பாருங்கள். காப்பிப்பொடி தூவினது போல ஒரு படலம் இருக்கும். அதன்மேல் வெங்காயத்தை மட்டும் போடுங்கள். இரண்டே நிமிடத்தில் வெங்காயத்தின் நீர் அந்தப் படலத்தை இளக்கிவிடும். நேர் விளிம்புள்ள மரக்கரண்டியால் சுரண்டுங்கள். வெங்காயம் தேன் நிறமாகும். விடாதீர்கள். நீர் வற்றி மறுபடி அடியில் ஒட்டத் தொடங்கும். ஒரு கை எலும்புச் சாறு தெளித்து மறுபடி சுரண்டுங்கள். மறுபடி ஒட்டவிடுங்கள், மறுபடி தெளியுங்கள். நான்கைந்து முறை. அரை மணி நேரம் பிடிக்கும். வெங்காயம் உருத் தெரியாமல் கரைந்து, வெல்லப்பாகு நிறத்தில் ஒரு விழுதாக வரவேண்டும்.

காதாலும் பார்க்கலாம். நீர் இருக்கும்போது 'சொய்ங்' என்று ஒரே சத்தம். நீர் வற்றினதும் அது 'படபட'வென்று மாறும். அந்தப் படபடப்பு வந்து அரை நிமிடத்துக்குள் சாறு தெளித்துவிட வேண்டும். அதற்கு மேல் போனால் கருகல். காந்தலுக்கும் கருகலுக்கும் நடுவில் இருப்பது அந்த அரை நிமிடம்தான். கருகிவிட்டதோ என்று சந்தேகம் வந்தால் கரண்டியில் கொஞ்சம் எடுத்து ருசி பாருங்கள். கசந்தால் சுரண்டாதீர்கள், மேலே இருப்பதை மட்டும் வேறு பானைக்கு மாற்றுங்கள். கசப்பு ஒருமுறை கலந்துவிட்டால் எதைப் போட்டும் போகாது.

பிறகு செலரி, குடைமிளகாய், பூண்டு. ஐந்து நிமிடம். சிக்கனையும் சாசேஜையும் திருப்பிப் போட்டு, மிச்சச் சாறு முழுவதும் ஊற்றி, தைம், இலை, மிளகாய்த்தூள் எல்லாம் சேர்த்து பத்து நிமிடம் கொதிக்கட்டும். உப்பு பார்ப்பது இங்கேதான். சாறு கொஞ்சம் கரிக்கவேண்டும். வாயில் வைத்தால் 'ஐயோ, உப்பு ஒரு கல் கூடிவிட்டதே' என்று தோன்றவேண்டும். அரிசி அதை இழுத்துக்கொள்ளும். சாறே சரியான உப்பில் இருந்தால் சோறு சப்பென்று ஆகிவிடும்.

அரிசி போட்டு ஒரே ஒரு முறை கிளறி, திறந்தபடியே பெருந்தீயில் வையுங்கள். ஐந்தாறு நிமிடத்தில் அரிசி உப்பி, சாறின் மேல்மட்டத்துக்கு வரும். அப்போது மூடி, தீயை முழுக்கக் குறைத்துவிடுங்கள். பன்னிரண்டு நிமிடம் கழித்து ஒரே ஒரு முறை திறக்கலாம். கிளறுவதற்கு இல்லை, புரட்டுவதற்கு. கரண்டியை ஓரமாக அடி வரை இறக்கி, கீழே இருப்பதை அப்படியே மேலே கொண்டுவந்து கவிழ்க்கவேண்டும். நான்கு பக்கமும் நான்கு புரட்டு. மூடிவிட்டு இன்னொரு பன்னிரண்டு நிமிடம். அடுப்பை அணைத்து, மூடியைத் தொடாமல் கால்மணி நேரம். வெங்காயத்தாள் தூவிப் பரிமாறுங்கள்.

இதை எனக்குச் சொல்லிக்கொடுத்தவர் என்னோடு வேலை பார்த்த ஒரு பெரியவர். இங்கே பல்கலைக்கழகக் கால்பந்து ஆட்டம் நடக்கும் சனிக்கிழமைகளில் மைதானத்துக்கு வெளியே கூடாரம் போட்டுச் சமைப்பார்கள். பெரிய பானைக்குத் துடுப்பு மாதிரி ஒரு மரக்கரண்டி. முதல் வருடம் முழுக்க அந்தத் துடுப்பை என் கையில் தரவில்லை, வெங்காயம் நறுக்குவதும் பார்ப்பதும் மட்டும்தான். இரண்டாம் வருடம் சுரண்டவிட்டார். அரிசியைப் புரட்டும் வேலை மூன்றாம் வருடம்தான் கிடைத்தது. அந்த வரிசை ஏன் என்று இப்போது எனக்குப் புரிகிறது.


அரிசிக்கணக்கு · டல்லஸ்

உணவுத் தொழில்நுட்பம் படித்தவன் என்ற முறையில் இரண்டு விஷயம் சேர்க்கிறேன்.

முதலாவது, அண்ணா சொன்ன 'ஒற்றி எடுத்துவிட்டு' என்ற ஒரு வரி. கறி சிவப்பதற்கு அதன் மேற்பரப்பு சுமார் 140 டிகிரி செல்சியஸ் தாண்டவேண்டும். ஈரம் இருக்கும் வரை 100 டிகிரியிலேயே நின்றுவிடும். அதனால்தான் ஈரக் கறி வெளுத்து அவிகிறது. புரதமும் சர்க்கரையும் அந்தச் சூட்டில் சேர்ந்து உண்டாக்கும் நிறத்துக்கும் வாசத்துக்கும் மெயார் வினை என்று பெயர். தோசை முறுகுவதும் காப்பிக்கொட்டை வறுபடுவதும் பெரும்பாலும் இதே வினைதான்.

இரண்டாவது, அளவைப் பெருக்குவது. 2 கப்புக்கு இவ்வளவு தண்ணீர் என்றால் 4 கப்புக்கு இரண்டு மடங்கு என்று போடக்கூடாது. ஊற்றும் நீரில் ஒரு பங்கை அரிசி குடிக்கிறது, அது அரிசி அளவோடு கூடும். இன்னொரு பங்கு ஆவியாகிறது, அது பானையின் வாயகலத்தையும் மூடியையும் பொறுத்தது. அரிசியை இரட்டித்தாலும் வாய் இரட்டிப்பதில்லை. அதனால் அளவு கூடக்கூட ஒரு கப் அரிசிக்கான நீர் குறைந்துகொண்டே வரவேண்டும். வீட்டில் இருவருக்கு உதிரியாக வருவது விருந்தில் குழைவதற்குக் காரணம் பல சமயம் இதுதான்.

அரிசி பற்றியும் ஒரு வார்த்தை. பாசுமதியின் வாசம் இந்தச் சமையலோடு சண்டை போடும். அமெரிக்க நீள அரிசியே எடுங்கள், லூசியானாவிலேயே நிறைய விளைகிறது. முதல் தடவை பயமாக இருந்தால் இங்கே 'கன்வர்டட்' என்று விற்கும் வகையை வாங்குங்கள். அது வேறொன்றுமில்லை, நம் புழுங்கல் அரிசிதான். உமியோடு அவித்துக் காயவைத்ததால் மாவு ஏற்கெனவே இறுகியிருக்கும், எளிதில் உடையாது. அதற்குச் சாறு ஒரு கப் கூடுதலாக, ஏழரை கப் வையுங்கள்.


கொங்குச்_சமையல் · கோயம்புத்தூர்

நல்ல இழை. நான் இருப்பது கோவையில். ஆன்டூயி இங்கே கிடைக்காது. வீட்டில் பன்றிக்கறியும் சாப்பிடுவதில்லை. வேறு என்ன போடலாம்? செலரி சூப்பர்மார்க்கெட்டில் கிடைக்கிறது. கயெனுக்குப் பதில் நம் மிளகாய்த்தூள் சரியா?

இன்னொன்றும் கேட்கிறேன், தவறாக நினைக்கவேண்டாம். இது பிரியாணிக்கு ரொம்ப பக்கத்தில் இல்லையா? கொஞ்சம் பட்டை கிராம்பு போட்டால் என்ன?


பேயூ_ஓரம் · பேட்டன் ரூஜ்

தவறாக நினைக்க ஒன்றுமில்லை, எல்லோருக்கும் தோன்றும் கேள்விதான்.

பட்டை கிராம்பு வேண்டாம். போட்டால் கெட்டுப்போகாது, நன்றாகவே இருக்கும், ஆனால் அது குஸ்காவாகிவிடும். ஜம்பலாயாவில் மணப்பொருள்கள் பின்னால் நிற்கும். கறியின் சிவப்பு, வெங்காயத்தின் இனிப்பு, புகை, இந்த மூன்றும்தான் முன்னால் நிற்கவேண்டும். தம் பிரியாணியில் அரிசியை முக்கால் வேக்காட்டில் வடித்துக் கறிமேல் அடுக்குகிறோம். இங்கே பச்சை அரிசி நேராகச் சாற்றுக்குள் இறங்குகிறது. பானையில் இருக்கும் அத்தனையும் அதற்குள் போகிறது.

சாசேஜுக்கு: கோவையில் உறைந்த நிலையில் விற்கும் புகையூட்டிய சிக்கன் சாசேஜ் போதும். ஆன்டூயியில் கொழுப்பும் மிளகும் புகையும் அதிகம். நியூ ஆர்லியன்ஸுக்கும் எங்கள் ஊருக்கும் நடுவில் லாபிளேஸ் என்று ஆற்றோரத்தில் ஓர் ஊர், அதற்குப் பெயர் பெற்றது. சிக்கன் சாசேஜில் கொழுப்பு குறைவு, அதனால் எண்ணெய் இரண்டு கரண்டி கூட விடுங்கள். மிளகைக் கூட்டுங்கள். புகை வாசம் போதவில்லை என்றால் புகையூட்டிய பாப்ரிகாத் தூள் அரை டீஸ்பூன். நம் மிளகாய்த்தூள் சரிதான், ஆனால் மல்லி கலந்த குழம்புத்தூளாக இல்லாமல் தனி மிளகாய்த்தூளாக இருக்கட்டும். செலரியை விடாதீர்கள். கொத்தமல்லித் தண்டு அதற்கு மாற்று ஆகாது.

பிரியாணி உறவு பற்றி. இதற்குக் கிட்டத்துச் சொந்தத்தைத் தேடினால் கண்ணைத் திருப்பவேண்டிய பக்கம் மேற்கு ஆப்பிரிக்கா. செனகல் பக்கத்து ஜொலோஃப் சோற்றைப் பாருங்கள்: ஒரே பானை, எண்ணெயில் வதங்கிய வெங்காயம், அதே சாற்றில் வேகும் அரிசி. பிரெஞ்சுக்காரர்கள் 1718இல் நியூ ஆர்லியன்ஸை நிறுவினார்கள். அடுத்த ஆண்டே, 1719இல், ஆப்பிரிக்க அடிமைகளை ஏற்றிய முதல் கப்பல்கள் லூசியானாவுக்கு வந்தன. அந்தக் கப்பல் தலைவர்களுக்குக் கொடுத்த கட்டளை என்ன தெரியுமா? விதைக்கு நெல்லும், நெல் பயிரிடத் தெரிந்த ஆட்களும் கொண்டுவரவேண்டும். ஆக, இந்த மண்ணுக்கு நெல்லும் அதை விளைவிக்கும் அறிவும் விலங்கு பூட்டப்பட்ட மனிதர்களோடு வந்தவை. இங்கே ஜம்பலாயாவைக் கொண்டாடும்போது இதைச் சொல்லாமல் விடுகிறவர்கள் உண்டு. எனக்கு அது பொறுக்காது. வெங்காயம் வதக்கச் சொல்லிக்கொடுக்கும் ஒவ்வொருவருக்கும் இதையும் சேர்த்தே சொல்லிவிடுவேன்.

அப்புறம் 1755இல் கனடாவின் அகேடியாவிலிருந்து ஆங்கிலேயர் விரட்டிய பிரெஞ்சு மொழிக் குடியானவர்கள் பிறகு மெல்ல மெல்ல இங்கே வந்து சேர்ந்தார்கள். அவர்கள் வழிதான் கேஜன்.


மணக்கும்_அடுப்பு · நியூ ஆர்லியன்ஸ்

பெயரைப் பற்றி ஒரு கதை உலாவுகிறது. 'ழாம்போன்' என்றால் பிரெஞ்சில் பன்றித்தொடை, 'யா' என்றால் ஆப்பிரிக்க மொழியில் அரிசி, இரண்டையும் சேர்த்தால் ஜம்பலாயா என்று. கேட்க அழகாக இருக்கிறது, நம்பவேண்டாம். தென் பிரான்சின் புரோவான்சு மொழியில் 'ஜம்பலாயா' என்றே ஒரு சொல் இருக்கிறது, பலதும் கலந்தது என்று பொருள். மொழி ஆராய்கிறவர்கள் காட்டுவது அதைத்தான். இந்தப் பக்கத்து ஆங்கிலச் சமையல் நூல்களில் 1878இலேயே, அலபாமாவின் மொபீல் நகரத்தில் அச்சான ஒன்றில், இது வந்துவிட்டது.

ஸ்பெயின் நாட்டுச் சோறான பாயேயாவிலிருந்து வந்தது என்றும் சொல்வார்கள். 1760களிலிருந்து 1803 வரை இந்த ஊர் ஸ்பெயின் கையில் இருந்தது உண்மை. ஆனால் பாயேயா அகலமான தட்டில், மூடாமல் செய்வது. என் கைக்கு இரண்டும் வேறு வேறு வேலையாகத்தான் தெரிகிறது.

சரி, தம்பி பழுப்பை எழுதிவிட்டார், சிவப்புக்கும் யாராவது பேசவேண்டுமே. தக்காளி போடுகிறவர்கள் இரண்டு விஷயம் செய்யுங்கள். தக்காளியை வெங்காயத்தோடு போட்டு எண்ணெய் பிரியும் வரை வதக்கிவிடுங்கள், அப்போது அதன் நீர் பானையிலேயே போய்விடும், கணக்குப் பார்க்கத் தேவையில்லை. இறால் போட்டால் தலையையும் ஓட்டையும் எறியாதீர்கள். எண்ணெயில் வறுத்துத் தண்ணீர் ஊற்றி இருபது நிமிடம் கொதிக்கவிட்டு வடிகட்டினால் செம்மண் நிறத்தில் ஒரு சாறு வரும், அதுதான் சிவப்பு ஜம்பலாயாவின் உயிர். உரித்த இறாலை அடுப்பை அணைப்பதற்கு ஐந்து நிமிடம் முன்னால் மேலே பரப்பி மூடிவிடு, போதும். முதலிலேயே போட்டால் அழிரப்பராகிவிடும்.


சைவப்பந்தி · சான் ஆன்டோனியோ

கறி இல்லாமல் அந்தக் காந்தல் வருமா?


மணக்கும்_அடுப்பு · நியூ ஆர்லியன்ஸ்

வரும். காளானை நீர் முழுக்க வற்றும் வரை பெருந்தீயில் சிவக்கவிடு. அடியில் நன்றாகவே ஒட்டும். அப்புறம் வெங்காயம், அதே அரை மணி நேரம். காராமணியை முக்கால் வேக்காடு வேகவைத்து அந்தத் தண்ணீரையே சாறாக எடுத்துக்கொள். என் மருமகள் சைவம், இப்படித்தான் அவளுக்குத் தனிப் பானை.


நெல்மணி · ஹூஸ்டன்

எல்லோருக்கும் நன்றி. நேற்றுதான் அந்தச் சனிக்கிழமை. நடந்ததை அப்படியே எழுதுகிறேன், அடுத்து முயற்சி செய்கிறவர்களுக்கு உதவும்.

புழுங்கல் வகை நீள அரிசிதான் வாங்கினேன். காலை பத்து மணிக்கு ஆரம்பித்தேன். சாசேஜ் நன்றாக வந்தது. சிக்கனில் முதல் தவணை தவறிவிட்டது. மூன்றாகப் பிரிக்கவேண்டியதை இரண்டாகப் பிரித்துவிட்டேன், நேரம் மிச்சமாகும் என்று. ஒரே நிமிடத்தில் அடியில் நீர் நின்றுவிட்டது, கறி வெளுத்துப்போனது. எடுத்துவிட்டு, நீரை வற்றவைத்து, மிச்சத்தை இரண்டு சிறு தவணையாகப் போட்டேன். அப்போதுதான் அந்தக் காப்பிப்பொடிப் படலத்தை முதன்முதலாகப் பார்த்தேன்.

வெங்காயத்துக்கு நாற்பது நிமிடம் ஆனது. சத்தம் மாறுவது நிஜமாகவே கேட்கிறது. முதல் இரண்டு முறை பயந்து முன்னாலேயே சாறு தெளித்துவிட்டேன், நிறம் ஏறவில்லை. மூன்றாவது முறை கையைக் கட்டிக்கொண்டு நின்றேன். படபடவென்று வந்ததும் தெளித்தேன். மரக்கரண்டி போன வழியெல்லாம் அடி வெள்ளையாகத் தெரிந்து, பக்கத்தில் பழுப்பு சுருண்டு வந்தது. அந்த வாசத்தில் மாடியிலிருந்த என் கணவர் இறங்கி வந்து என்ன செய்கிறாய் என்று கேட்டார்.

சாறு உப்புக் கரிக்கும்படி வைக்கக் கை வரவே இல்லை. கண்ணை மூடிக்கொண்டு போட்டேன். மூடினபிறகு அந்தப் பன்னிரண்டு நிமிடம் திறக்காமல் இருப்பதற்குப் பட்ட பாடு இருக்கிறதே! புரட்டும்போது அடியில் மெல்லிசாக ஒட்டியிருந்தது, உடைத்துக் கலந்துவிட்டேன்.

திறந்தபோது சோறு நின்றது. ஒவ்வொன்றும் தனித்தனியாக.

எதிர்வீட்டு அம்மாள் தட்டை வாங்கிக்கொள்ளவில்லை. நேராகப் பானைக்கு வந்து, கரண்டியை ஓரமாக அடி வரை விட்டு, எடுத்துப் பார்த்தார். அப்புறம்தான் தட்டு கேட்டார். சாப்பிட்டு முடித்து இரண்டு குறை சொன்னார். சாசேஜை மெல்லிசாக வெட்டிவிட்டேனாம், சுருண்டுவிட்டது. வெங்காயத்தை இன்னும் ஒரு ஐந்து நிமிடம் விட்டிருக்கலாமாம். உப்பு சரியாக இருந்தது என்றார். இரண்டாவது முறை போட்டுக்கொண்டார். அடுத்த மாதம் அவர் செய்யும்போது உதவிக்கு வரச் சொல்லியிருக்கிறார், வெங்காயம் நறுக்க.


பேயூ_ஓரம் · பேட்டன் ரூஜ்

ரொம்ப சந்தோஷம் நெல்மணி. அவர் முதலில் அடியைப் பார்த்தாரே, எனக்குச் சொல்லிக்கொடுத்த பெரியவரும் அப்படித்தான் செய்வார். போங்கள், கட்டாயம் போய் நறுக்குங்கள். அவர் எந்தக் கட்டத்தில் சாறு தெளிக்கிறார் என்று மட்டும் கவனித்து வந்து இங்கே எழுதுங்கள்.


கொங்குச்_சமையல் · கோயம்புத்தூர்

நானும் இங்கே நான்கு பேருக்குச் செய்தேன், சிக்கன் சாசேஜ் போட்டு. எனாமல் பானை இல்லை, பாட்டி காலத்து இரும்புச் சட்டியில் வதக்கி அதிலேயே அரிசியும் போட்டு, மூடி இல்லாததால் தாம்பாளத்தைக் கவிழ்த்து மேலே அம்மிக்குழவியை வைத்துவிட்டேன். உதிரியாக வந்தது. பாப்ரிகா அரை டீஸ்பூன் போதவில்லை, ஒன்று போடலாம். மிச்சம் இருக்கிறது, எப்படிச் சூடாக்குவது? மைக்ரோவேவில் வறண்டுவிடுகிறது.


பேயூ_ஓரம் · பேட்டன் ரூஜ்

இரும்புச் சட்டி அருமையான யோசனை. வெறும் இரும்பு என்றால் சோற்றை அதிலேயே இரவு முழுக்க விட்டுவிடாதீர்கள், இரும்பு வாடை ஏறும். தக்காளி போட்ட சிவப்பு வகைக்கு அந்தச் சட்டி வேண்டாம், புளிப்பு ஒத்துக்கொள்ளாது. கழுவினதும் அடுப்பில் வைத்து ஈரத்தைப் போக்கி, துளி எண்ணெய் தடவி வைத்துவிடுங்கள்.

மிச்சத்தை இரண்டு மணி நேரத்துக்குள் அகலமான தட்டில் பரப்பி ஆறவைத்து ஃபிரிட்ஜில் வைத்துவிடவேண்டும். வெந்த சோறு வெளியில் அதிக நேரம் கிடந்தால் வயிற்றைக் கெடுக்கும். மறுநாள் சட்டியில் ஒரு கை தண்ணீர் தெளித்து, மூடி, சிறு தீயில் ஏழெட்டு நிமிடம். கடைசி இரண்டு நிமிடம் மூடியை எடுத்துவிட்டுத் தீயைக் கொஞ்சம் ஏற்றுங்கள். அடியில் மறுபடி ஒரு காந்தல் பிடிக்கும், அதைச் சுரண்டிச் சாப்பிடுங்கள்.